சனிக்கிழமை வரைக்கும்

“இந்த வருஷத்துல இது மூணாவது விரல்” என்றபடி எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார் டாக்டர். “ஆறு வாரத்துக்குப் பந்து பக்கமே போகக்கூடாது.”

“சனிக்கிழமை ஃபைனல் இருக்கே டாக்டர். அது வரைக்குமாவது விடுங்களேன்” என்று கெஞ்சினாள் மனைவி.

பக்கத்தில் உட்கார்ந்திருந்த கணவருக்குப் பொறுமை போய்விட்டது.

“பதினெட்டு வருஷமா இதே பாட்டுதான் டாக்டர். ஸ்கூல் டீமோட விட்டுடறேன்னா. தேசிய டீம் வந்துச்சு. அம்பதாவது கோலோட சரின்னா. அதுவும் ஆச்சு. இன்னமும் பொழுது விடிஞ்சா வீட்டுக்குப் பின்னாடி தொம், தொம்னு சத்தம். போன வாரம்தான் முழங்கால் வீக்கம் வடிஞ்சது. ஐஸ்கட்டி வைக்கவே தனியா ஒரு ஃப்ரிட்ஜ் வாங்கணும் போல!”

“உடம்பு எப்பவும் ஒரே மாதிரி இருக்காதும்மா” என்றார் டாக்டர், விரலுக்குக் கட்டுப் போட்டுக்கொண்டே.

“அதுக்காக? நாட்டுக்குக் கோல் வேண்டாமா டாக்டர்?”

“பேச்சைப் பாருங்க!” கணவர் தலையில் அடித்துக்கொண்டார். “எலும்பு சொல்லியே கேக்கல, நான் சொல்லியா கேக்கப் போறா?”

அப்போது கதவைத் தள்ளிக்கொண்டு, பயிற்சி உடையிலேயே மூச்சிரைக்க ஓடிவந்தாள் தேசிய அணியின் ஸ்ட்ரைக்கர்.

“ஏம்மா, ஒரு பெனால்டியைத் தடுக்க இப்படியா பாய்வாங்க? போனா போகுதுன்னு விட வேண்டியதுதானே?”

அம்மாவுக்கு வலி மறந்து கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

“அறுபத்திரெண்டு வயசுக்காரி தடுக்கிற மாதிரியாடி அடிப்ப? சனிக்கிழமை எதிர் டீம் கோல்ல நிக்கப் போறவளுக்கு இருபத்தஞ்சு!”