குட்டிக்குப் பிடித்த பெயர்

ஜூலை 14, திங்கள். தவறு: குட்டி ஆண் என்று சொன்னேன். சரியாகப் பார்க்கவில்லை. பெண்.

இவ்வளவு எழுதியதும் பேனா நின்றுவிட்டது.

மாலை வகுப்பில் நாட்குறிப்பு எழுதச் சொல்லிக்கொடுத்த முறை அது. முதலில் தேதி. பிறகு அன்றைய தவறு. பிறகு நடந்தது. கடைசியில் மறுநாள் செய்ய வேண்டியது.

நடந்ததைத்தான் எழுத வரவில்லை.

பயமா என்று தன்னையே கேட்டுப் பார்த்தாள்.

பயமில்லை.

அவள் வேலை செய்யும் வீட்டுக்கு நேற்று வந்த நாய்க்குட்டி அது. பாதி லேப்ரடார், பாதி தெரு. குளிப்பாட்டியது அவள்தான். ஆண் என்று சொன்னதும் அவள்தான். அதை நம்பி புரூனோ என்று பெயர் வைத்துவிட்டார்கள். இன்று காலை ஊசி போட்ட டாக்டர் சிரித்தாராம்.

அதனால் மறுபடியும் பெயர் தேட வேண்டியதாயிற்று. அதற்காகவே சார் ஆபீசிலிருந்து சீக்கிரம் வந்திருந்தார்.

சாயங்காலம் பையை மாட்டிக்கொண்டு அவள் செருப்பில் காலை நுழைத்தபோது வீட்டுக்கார அக்கா கூப்பிட்டாள்.

"லதா, எங்க கெளம்பிட்ட? குட்டியப் புடிச்சுக்க ஆள் வேணும். உன்னாலதான இத்தன கூத்தும்."

"கிளாஸ் இருக்குதுங்க்கா."

"ஒரு நாளு போகலீன்னா கலெக்டர் வேல போயிருமா?"

பையைக் கழற்றினாள். தவறு தன்னுடையதுதானே.

கூடத்தின் மூலையில் அவள் குட்டியைப் பிடித்துக்கொண்டு உட்கார வேண்டும். சோபாவிலிருந்து சார் ஒரு பெயர் சொல்வார். குட்டி திரும்பினால் அந்தப் பெயர் பிடித்திருக்கிறது என்று அர்த்தம். திரும்பாவிட்டால் வேறு பெயர்.

பெல்லா. திரும்பவில்லை.

லூனா. அவள் விரலைக் கடித்தது.

கயல். கொட்டாவி விட்டது.

"அப்பன் வெளிநாடு, அம்மா நம்மூரு. ரெண்டு பக்கத்துக்கும் பொருந்தற மாதிரி வேணும்" என்றார் சார்.

"வாய்க்கு வந்தத வெச்சரக் கூடாதுங்க" என்றாள் அக்கா. "காலத்துக்கும் அதையேதான கேட்டுட்டு இருக்கோணும், பாவம்."

அவள் நிமிர்ந்து அக்காவைப் பார்த்தாள்.

அக்கா விளையாட்டுக்குச் சொல்லவில்லை. முகத்தில் உண்மையான கவலை இருந்தது.

இரண்டு வருடத்துக்கு முன் இதே வீட்டு வாசலில் அவள் தன் பெயரைச் சொன்னபோது இந்த முகம் சிரித்தது. எங்க அத்தை பேருடி அது, அந்தப் பேரச் சொல்லி உன்ன எப்படித் திட்டறது என்றது. முன்பு வேலைக்கு இருந்தவள் லதா. அதே வாயில் வருது, நீயும் லதாவாவே இருந்துக்க என்றது.

அடுப்பில் வைத்த பால் பொங்குவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

அந்த அத்தை, அக்காவின் மாமியார், இருப்பது பல்லடத்தில். தீபாவளிக்குத் தீபாவளி வருவார். மற்ற நாளெல்லாம் அந்தப் பெயர் இந்த வீட்டில் சும்மாதான் கிடக்கிறது.

ஜன்னலில் வெயில் இறங்கிவிட்டது. வகுப்பில் வருகைப்பதிவு எடுக்க ஆரம்பித்திருப்பார்கள். கோவைக்கு வந்த பிறகு, ஒரு நாளில் அவள் பெயர் அவள் காதில் விழுவது அந்த ஒரு தரம்தான். இன்று டீச்சர் கூப்பிட்டிருப்பார். தலையைத் தூக்கிப் பார்த்திருப்பார். அடுத்த பெயருக்குப் போயிருப்பார்.

"லதா, பிஸ்கட்."

எடுத்துவந்தாள். குட்டி தின்றது. எந்தப் பெயருக்கும் திரும்பவில்லை.

சார் களைத்துவிட்டார். "ஏம்மா லதா, நீதான் ஒரு நல்ல பேராச் சொல்லேன்."

"ருக்மணி."

யோசித்துச் சொல்லவில்லை. வந்துவிட்டது.

அக்கா எழுந்தே விட்டாள். "ஏய், கொழுப்பாடி? எங்க அத்தை பேரக் கொண்டுபோயி நாய்க்கு வெக்கச் சொல்ற?"

"எம் பேருங்க்கா அது."

சார் அவளைப் பார்த்தார். மனைவியைப் பார்த்தார்.

"இவ பேரு லதா இல்லியா?"

"அத அப்பறம் சொல்றன். நீங்க அடுத்த பேரச் சொல்லுங்க."

சார் அடுத்த பெயரைச் சொன்னார்.

தியா.

குட்டி காதை நிமிர்த்தியது. தலையைத் திருப்பியது. இருவரும் கைதட்டினார்கள். அக்கா ஓடிவந்து, அவள் மடியிலிருந்து குட்டியை வாரி எடுத்து முத்தமிட்டாள்.

"புடிச்சுப் போச்சு பாருங்க அதுக்கு!"

அறைக்கு வரும் வழியில் பஸ் நிறுத்தத்தில் ஒரு ஆள்மீது மோதிவிட்டாள். தப்பு யார்மேல் இருந்தாலும் மன்னிப்புக் கேட்கிறவள். இன்று கேட்கவில்லை.

அறையில் உடன் தங்கியிருப்பவர்கள் இன்னும் வேலையிலிருந்து திரும்பவில்லை.

நடந்ததை எழுதினாள். அடித்தாள். 'வருத்தமாக இருந்தது' என்று எழுதினாள். அதையும் அடித்தாள். 'கோபம்' என்று எழுதி, அது தனக்குப் பொருந்தும் சொல்தானா என்று பார்த்தாள். அதே சொல்லின் மேல் மறுபடி அழுத்தி எழுதினாள். தாள் கிழிந்தது.

'ருக்மணி என்று சொன்னேன்' என்பதையும் தவறுகளில் சேர்க்க வேண்டுமா?

மேலே, தேதிக்குப் பக்கத்தில், இடமிருந்தது. பேனா முனையை அங்கே வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருந்தாள்.

சேர்க்கவில்லை.

நாளை செய்ய வேண்டியது: ஆறரைக்கு வேலைக்குப் போவது. முதலில் பாத்திரம். பிறகு துணி. லதா என்று கூப்பிட்டால் திரும்பாமல் இருப்பது.