ஒரே நூலில் ஐந்து மனசு

“நூலைக் கட்டிக்கிட்டா மனசு எப்படிக்கா ஒண்ணாகும்? இதையெல்லாம் நீ நம்புறியா?” என்று கேட்டான் தம்பி.

அக்கா பேக்கரியின் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, வந்திருந்த நூல்காரம்மாவைப் பின்னால் இருந்த அடுப்பறைக்கு அழைத்துப் போனாள்.

பேக்கரி அக்காவுடையது, மேற்பார்வை அவன் பொறுப்பு. முதலாளியம்மாவின் கூடப்பிறந்தவன் என்பதால் அங்கே வேலை செய்பவர்களுக்கும் அவன் ‘தம்பி’தான். காதோரம் நரைத்த பிறகும் அந்தப் பெயர் மாறவில்லை.

அடுப்பறைச் சுவரில் படிந்த கரி இன்னும் போகவில்லை. போன மாதம் ஒரு காலையில், வழக்கம்போல முதல் ஆளாக வந்த அடுப்பு மாஸ்டர் தீக்குச்சியை உரசியதும் அறை முழுக்கக் குப்பென்று தீ. முந்தின நாள் யாரோ கேஸை மூடாமல் போயிருக்கிறார்கள். மாஸ்டர் உயிர் பிழைத்துக்கொண்டார். ஆனால் அந்தக் கைகள் இனி ஒரு ரொட்டித் தட்டைக்கூடப் பிடிக்காது என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

விசாரிக்க வந்த போலீஸிடம் எல்லோரும் ஒரே பதிலைத்தான் சொன்னார்கள், நான் மூடிவிட்டுத்தான் போனேன் என்று. தம்பியை அவர்கள் அதிகம் கேட்கவில்லை. அடுப்புப் பக்கம் அவனுக்கு வேலை இல்லை. கடைசியில் கடையைப் பூட்டுவதோடு சரி.

அன்றிலிருந்து தம்பிக்கு யாரைப் பார்த்தாலும் சந்தேகம். மாவு பிசைகிற மாஸ்டர், அவன் உள்ளே வந்தால் பேச்சை நிறுத்திவிடுகிறார். கேக்குக்குப் பூ வைக்கும் பெண் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. எல்லோரையும்விட அவனை உறுத்தியது பாத்திரம் கழுவுகிறவள்தான். ஒரு தட்டைக் கழுவ அரைப்பொழுது ஆக்குவாள் என்பதால் அவளுக்கு ‘மின்னல்’ என்று பெயர். வீடு பேக்கரிக்குப் பின்சந்திலேயே. இவளுக்கு ஏதோ தெரியும், தெரிந்துகொண்டே வாயை மூடிக்கொண்டிருக்கிறாள் என்று அவனுக்குப் பட்டது.

அக்காவால் இந்த இறுக்கத்தைத் தாங்க முடியவில்லை. ஆஸ்பத்திரியில் அடுப்பு மாஸ்டரின் மனைவி அவள் கையைப் பிடித்துக்கொண்டு, யார் என்று மட்டும் சொல்லுங்கள் என்று கேட்டதிலிருந்து அவளுக்குச் சாப்பாடே இறங்கவில்லை. அதன் பிறகுதான் இந்த நூல்காரம்மாவை விசாரித்துத் தேடிப் பிடித்திருந்தாள்.

“யாரையும் பிடிச்சுக் குடுக்கப் போறதில்ல. யாருன்னு தெரிஞ்சாப் போதும். மத்தவங்களாவது நிம்மதியாத் தூங்கட்டும்” என்றாள் அக்கா.

நூல்காரம்மா ஒரு கிண்ணத்துத் தண்ணீரில் கல்லுப்பைப் போட்டாள். நீளமான வெள்ளை நூலை அதில் நனைத்து, மாவு மேஜையைச் சுற்றி உட்கார்ந்திருந்த ஐந்து பேரின் மணிக்கட்டையும் ஒன்றோடொன்று இணைத்துக் கட்டினாள். உப்புக் கரைந்ததும் யார் நினைப்பும் யாருக்கும் மறையாது, நூலை அவிழ்க்கும்வரை அப்படித்தான் இருக்கும், பயப்படுகிறவர்கள் இப்போதே எழுந்து போய்விடலாம் என்றாள்.

யாரும் எழவில்லை. எழுந்தால் எழுந்த ஆள்தான் குற்றவாளி என்றாகிவிடும். தம்பி ஒவ்வொரு முகமாகப் பார்த்தான். ஏமாற்று வேலை என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். ஆனாலும் கண் வாசல் பக்கம் போனது.

முதலில் காதுக்குள் ஒரு சூடு. பிறகு, யாரும் வாயைத் திறக்காமலே குரல்கள் வந்தன.

மூடினேனா, இல்லை மூடியதாக நினைத்துக்கொண்டு போய்விட்டேனா? அது பிசைகிற மாஸ்டர். ஆர்டருக்கு நேரமாச்சு என்று ஓடினேனே, கேஸ் குழாயை முழுசாத் திருப்பினேனா? அது கேக் பெண். துடைக்கும்போது என் துணி மாட்டித் திறந்துகொண்டதோ? அது மின்னல். பழைய கேஸ் குழாயை மாற்றச் சொல்லி அடுப்பு மாஸ்டர் கேட்டுக்கொண்டே இருந்தாரே, நான்தானே தள்ளிப் போட்டேன்? அது அக்கா.

தம்பி அசந்துபோனான். அவர்கள் ஒருவரையொருவர் சந்தேகப்படவே இல்லை. ஆளாளுக்குத் தன்னைத்தான் சந்தேகப்பட்டு, அதை வெளியில் சொல்ல முடியாமல்தான் இத்தனை நாள் முகத்தைத் திருப்பிக்கொண்டு திரிந்திருக்கிறார்கள். கேக் பெண் மேஜையில் தலையைக் கவிழ்த்து அழுதாள். பிசைகிற மாஸ்டர் கட்டப்படாத கையால் அவள் தலையைத் தடவிக்கொடுத்தார்.

அவனுக்குப் பாரம் இறங்கியது போலிருந்தது. “சரிக்கா, யார் மேலயும் தப்பில்ல. இதோட விட்டுருவோம்” என்றபடி நூலை அவிழ்க்கப் போனான்.

“கொஞ்சம் இருங்க தம்பி” என்றாள் மின்னல். அவளுக்குப் பேசவும் நேரம் பிடிக்கும். “எங்க எல்லாருக்கும் ‘நானா இருக்குமோ’ன்னுதான் ஓடுச்சு. உங்க மனசுல மட்டும் வேற ஒண்ணு ஓடுச்சே. ‘யாராவது பாத்திருப்பாங்களோ’ன்னு. எதைத் தம்பி?”

அவன் அவசரமாக முடிச்சை இழுத்தான். ஆனால் நூல் இன்னும் கையில் இருந்தது. எல்லோரும் போன பிறகு அவன் தனக்காக அடுப்பில் வைத்த பால் பொங்கி வழிந்து தீயை அணைத்ததையும், போனில் சிரித்துப் பேசிக்கொண்டே அவன் கேஸை மூடாமல் கடையைப் பூட்டிவிட்டுப் போனதையும், மறுநாள் போலீஸ் வருவதற்குள் அந்தக் கருகிய பால் பாத்திரத்தைச் சட்டைக்குள் மறைத்து எடுத்துப் போனதையும் நான்கு பேரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.