நேற்றைய தேதி

"கீழ ஒரு கையெழுத்து, அவ்வளவுதான். போட்டுட்டு வீட்டுக்குப் போங்க வீரய்யா" என்று தேயிலைத் தோட்டத்துச் சின்னத்துரையான உதவி மேனேஜர் விஜிதரன் காகிதத்தை மேசைமேல் தள்ளினார்.

வீரய்யா பேனாவைத் தொடவில்லை. அந்தத் தோட்டத்து ஆபீஸில் முப்பத்தாறு வருடமாகக் கிளாக்கர். எத்தனையோ பேருக்குப் போன கடிதங்களைத் தட்டச்சு செய்தவர்தான். ஆனால் இப்படியொன்று ஒருநாள் தன் முன்னால் வந்து விழும் என்று நினைத்ததில்லை.

கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் படித்தார். திங்கட்கிழமை காலை, ஆட்களுக்கு வேலை பிரிக்கும் பெரட்டுக் களத்தில், துரையின் உத்தரவை மீறி, நாலாம் நம்பர் மலைக்கு யாரையும் போகவிடாமல் தடுத்தது. விசாரணையில் குற்றம் நிரூபிக்கப்பட்டது. உடனடி வேலை நீக்கம்.

"நேத்துத் தேதி போட்டிருக்கே சார்?"

"டைப் பண்ணினது நேத்து. அதுக்கென்ன?"

"ஒரு வார்த்தைகூட கேக்காமலா?"

"கேட்டா மட்டும் என்ன மாறப்போகுது? அன்னைக்குப் பெரட்டுல நானேதான் நின்னேன். என் கண்ணால பார்த்தேன்."

"அந்த மலையில குளவிக்கூடு இருக்குங்க சார். போன மாசம்தான் வேலாயியக் கொட்டி, கம்பளியில சுத்தித் தூக்கிட்டு ஓடினாங்க."

"குளவியப் பத்தி இந்தப் பேப்பர்ல ஒண்ணும் இல்லையே."

"அதைத்தாங்க சார் நானும் சொல்றேன்."

விஜிதரன் சிரித்துவிட்டார். "இத்தன வருஷமா வாயத் திறக்காத மனுசன். வீட்டுக்குப் போற நேரத்துல சங்கத் தலைவர் மாதிரி பேசுறீங்களே!"

தேநீர் வந்தது. பூப்போட்ட கோப்பையும் தட்டும், துரைமாருக்கு மட்டும் எடுப்பது. அதை வீரய்யாவின் முன்னால் வைத்தார்கள். குடித்தார். ருசி தெரியவில்லை.

விஜிதரன் குரலைத் தாழ்த்தினார். "ரிட்டயராக இன்னும் எட்டு மாசம். அதுக்குப் பிறகும் குவாட்டர்ஸ்ல இருக்க விடச் சொல்லி எழுதிக் குடுத்திருக்கீங்க. உங்க மிஸிஸுக்கு நடக்கவும் முடியல. அந்த லெட்டர் இன்னும் பெரிய துரை மேசையிலதான் கிடக்கு. நான் சொல்றது விளங்குதா?"

விளங்கியது. நுவரெலியா கிளினிக்குக்கு மாதம் ஒருமுறை போவதைத் தவிர, கோமதி கட்டிலை விட்டு இறங்குவதில்லை. அந்தக் குவாட்டர்ஸை விட்டால் அக்கரப்பத்தனையில் மட்டுமல்ல, இந்தப் பூமியிலேயே அவர்களுக்கென்று ஓர் அறை கிடையாது. கையெழுத்துப் போட்டால் வீடு இருக்கும். போடாவிட்டால் இல்லை.

ஜன்னலுக்கு வெளியே மழை சாய்ந்து அடித்தது. வராந்தா பெஞ்சில் சுலக்ஷனா உட்கார்ந்திருந்தாள். கொழுந்து பறிக்கிறவள், திங்கட்கிழமை பெரட்டில் இருந்தவள். காலை ஏழு மணிக்கே வந்துவிட்டாள். வீரய்யா பார்ப்பதைக் கண்டதும் சட்டென்று எழுந்து நின்றாள்.

"அந்தப் புள்ளையாவது உள்ள வந்து உக்காரட்டுமே சார். நனையுது."

"அவ எதுக்கு? நீங்க போட்டா எல்லாருமே கிளம்பலாம்."

வீரய்யா கண்களை மூடினார். காலையில் புறப்படும்போது கோமதி படுத்தபடியே கையை நீட்டி, அவர் நெற்றியில் திருநீறு பூசிவிட்டாள். "மாரியம்மா இருக்கா. பயப்படாமப் போயிட்டு வாங்க" என்றாள்.

பயம் போகவில்லை. ஆனாலும் பேனாவை எடுத்து மூடி, சட்டைப்பையில் செருகிக்கொண்டு எழுந்தார்.

"யோசிச்சுச் செய்யுங்க வீரய்யா. நாளைக்கு வீடு, வீடுன்னு எங்கிட்ட வந்து நிக்கக்கூடாது."

"நிக்கமாட்டேங்க சார்."

கதவைத் திறந்தார். குளிர்காற்று அந்தக் காகிதத்தை மேசையிலிருந்து தள்ளிவிட்டது. அவர் குனிந்து எடுக்கவில்லை.

"உள்ள வாம்மா சுலக்ஷனா. உன் மேல உள்ள கேஸை விசாரிக்க என்னைத்தான் போட்டிருக்காங்க. நீ சொல்லு, நான் எழுதிக்கிறேன்."