நாற்பத்தொன்றாம் சீட்டு

"வந்துட்டியா? புருஷனை அனுப்பி வச்சாச்சு, நான் எப்போ போவேன்னு பார்க்க வந்தியா?" என்றாள் அம்மா, கதவைத் திறந்தபடி.

நர்ஸ் உள்ளே வந்து நாற்காலி நுனியில் உட்கார்ந்தாள். பையிலிருந்து படிவத்தை எடுத்தாள். கம்பளி ஆலையில், ஆட்டு ரோமத்திலிருந்து தொற்றும் அடைப்பான் நோய்க்குத் தடுப்பூசி போட்டுக்கொண்டவர்களுக்குப் பின்னாளில் உடம்புக்கு ஏதாவது வந்திருக்கிறதா என்று கேட்டு எழுதுவது அவள் வேலை. இருபத்தோரு வருஷமாக, வருஷத்துக்கு ஒரு தடவை வருகிறாள்.

"மூட்டு வலி இருக்காக்கா?"

"இருக்கு. உங்க ஊசி கொடுத்த சீதனம். எழுதிக்கோ."

"தூக்கம்?"

"உனக்கு வரும். எனக்கு எங்க வருது?"

நர்ஸ் எழுதிக்கொண்டாள்.

"ஒரு தும்மல் போட்டறியாத மனுஷன். அடைப்பான் வராம இருக்க ஊசின்னு சொன்னீங்க. ரெண்டே வருஷத்துல அடைப்பான்லயே போனார். ஊசியிலேயே நோயை வச்சுக் குத்தினா வேற என்ன ஆகும்?"

அம்மா பெட்டியைத் திறந்து ஒரு பழைய ஊசிச் சீட்டை எடுத்தாள். எண் நாற்பத்தொன்று. ஆறு முத்திரைகள். வருஷா வருஷம் நடப்பதுதான். அதைக் கையில் எடுத்ததும் அவள் குரல் இறங்கிவிடும்.

"இது அவர் சீட்டு. முதல் ஊசி அன்னைக்கு ஆலையில நீள வரிசை, ரெண்டு பேரும் நின்னோம். பிள்ளைங்க அறையில இவ, இதோ நிக்கிறாளே என் மக, காய்ச்சலோட கத்திக்கிட்டிருந்தா. 'உங்க சீட்டைக் கொடுங்க, நான் முன்னால போறேன்'னு நான்தான் கேட்டேன். சிரிச்சுக்கிட்டே மாத்திக்கிட்டார். அப்புறம் கடைசி ஊசிவரைக்கும் இதை நான் விடலை."

சீட்டைப் பெட்டியில் வைத்துப் பூட்டினாள்.

"இவளும் அடுத்த வாரம் அதே ஆலைக்குப் போறா. ஊசி வேண்டாம்னு கையெழுத்துப் போட வச்சுட்டேன்."

நர்ஸின் பேனா நின்றது. "அக்கா, ரோமம் பிரிக்கிற வேலை. ஊசி இல்லாம…"

"பேசாதே. கொஞ்சமாவது வெட்கம் இருந்தா இந்த வாசப்படி ஏறுவியா?"

நர்ஸ் படிவத்தை மடித்துக்கொண்டு எழுந்தாள்.

மகள் பஸ் நிறுத்தம்வரை கூடவே வந்தாள்.

"அம்மா இவ்வளவு பேசறாங்க, ஒரு வார்த்தை பதில் இல்லை. அப்போ தப்பு உங்க பேர்லதானே, நர்ஸம்மா?"

"நீ ஊசி போட்டுக்கோம்மா."

"எங்கப்பாவைக் கொன்ன ஊசியையா?"

நர்ஸ் பையின் அடியிலிருந்து ஒரு பட்டியலை எடுத்துக் கொடுத்தாள்.

"சீட்டு நம்பர்ப்படி பாதிப் பேருக்குத்தான் மருந்து. மீதிப் பேருக்கு வெறும் உப்புத் தண்ணி. மருந்து வேலை செய்யுதான்னு பார்க்க அப்படிப் போட்டோம். அதை உங்க யாருக்கும் விளங்கச் சொல்லலை. அது எங்க தப்பு."

"அம்மாவோட மூட்டு வலி?"

"உப்புத் தண்ணி போட்டவங்களுக்கும் அதே அளவு வலி இருக்கு. இத்தனை வருஷம் எழுதினதுல அவ்வளவுதான் தெரியுது. உங்கம்மாவுக்கு எதனாலன்னு என்னால சொல்ல முடியாது."

மகள் பட்டியலில் தேடினாள். நாற்பத்தொன்று, அப்பா பெயர், மருந்து. நாற்பத்திரண்டு, அம்மா பெயர், உப்புத் தண்ணீர்.

"பாருங்க, அப்பாவுக்கு மருந்துதான் போட்டிருக்கீங்க. போட்டும் செத்தாரே."



மகளின் விரல் நாற்பத்தொன்றின் மேலேயே நின்றுவிட்டது. அந்தச் சீட்டு இப்போதும் அம்மாவின் பெட்டியில் இருக்கிறது. அப்பா ஊசி போட்டுக்கொண்டது நாற்பத்திரண்டில்.

"அம்மா கேட்டு வாங்கினது," என்றாள் மெதுவாக. "நான் அழுதேன்னு."

"ரெண்டு வயசுக் குழந்தை அழாம என்ன செய்யும்?"

"உங்களுக்கு இது எப்போ தெரியும்?"

"உங்கப்பா இறந்த வருஷமே. உங்கம்மா அந்தச் சீட்டை எடுத்துக் காட்டின அன்னைக்கே."

"சொல்லியிருந்தா உங்களைத் திட்டமாட்டாங்களே."

"யாரையாவது திட்டித்தானே ஆகணும். அது நானாவே இருந்துட்டுப் போறேன்."

பஸ் வந்தது.

அடுத்த வருஷமும் நர்ஸ் வந்தாள். அதே நாற்காலி நுனி. அதே படிவம்.

"மூட்டு வலி இருக்காக்கா?"

"எத்தனை தடவை சொன்னாலும் உறைக்காத ஜென்மம்." அம்மா மகள் பக்கம் திரும்பினாள். "நீயே சொல்லுடி, உங்கப்பாவைக் கொன்னது யாரு?"

முந்தின நாள் ஆலையில் அம்மாவுக்குத் தெரியாமல் போட்டுக்கொண்ட இந்த வருஷத் தவணை ஊசியில் மகளின் தோள் வீங்கியிருந்தது. முழுக்கைச் சட்டையை மணிக்கட்டுவரை இழுத்துவிட்டுக்கொண்டு, அவள் நர்ஸின் முகத்தைப் பார்த்தாள்.

"இவங்கதான்மா," என்றாள்.