மருத மரத்து அளவு

"கைநாட்டு வைக்க மாட்டேன்யா. எம் புருசன் செத்துப்போனாகன்னு நான் எப்பச் சொன்னேன்?"

பாண்டியம்மாள் கையை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள்.

ஓவர்சியர் யோசேப்பு மை டப்பியை மூடினார். வெள்ளத் தடுப்புக் கணக்கெடுப்புக்காகப் போடியிலிருந்து இந்தக் குரங்கணி அடிவாரத்துக்கு அவர் வருவது இது மூன்றாவது தடவை. மூன்று வருசத்துக்கு முன்னால், 1952 ஐப்பசியில் ஆறு பெருக்கெடுத்தபோது எத்தனை வீடு போனது, எத்தனை உயிர் போனது எல்லாம் எழுதியாகிவிட்டது. ஒரே ஒரு பெயர்தான் பதிவேட்டில் தொங்கிக்கொண்டிருந்தது.

'சோணை. காணவில்லை.'

"இங்க பாரும்மா. கரையை உசத்தப் போறாங்க. இந்தத் தெருவையே மேட்டுக்கு மாத்துறாங்க. ஆள் இருந்தா அவன் பேர்ல மனை. இல்லாட்டி பொஞ்சாதி பேர்ல. காணலைன்னே கிடந்தா யார் பேர்ல நான் எழுதுறது?"

"எனக்கு மனை வேண்டாம்யா."

கொழுந்தன் பெண்டாட்டி இருளம்மாள் பக்கத்து வீட்டிலிருந்து பாய்ந்து வந்தாள்.

"சாமி, இவ கல்லு நெஞ்சுக்காரி. எங்க மூத்தாருக்கு ஒரு கருமாதி செய்யக்கூட விட மாட்டேங்கிறா. அன்னைக்கி நானும் எம் வீட்டுக்காரரும் ஏலக்கா பறிக்க மலைக்குப் போயிட்டோம். தண்ணி வாரதுக்கு முன்னாடியே இவ மேட்டுல ஏறித் தப்பிச்சுக்கிட்டா. அவுக என்ன ஆனாகன்னு கேட்டா வாயத் தொறக்கிறதில்ல. இவ தொல்லை தாங்காம மலையாளத்துப் பக்கம் ஓடிட்டாகன்னு ஊரே பேசுது. பேசாம என்ன செய்யும்?"

பாண்டியம்மாள் குனிந்து வாசலில் கிடந்த சுள்ளியைப் பொறுக்கினாள்.

இப்படியும் ஒரு பிடிவாதமா என்று யோசேப்புக்கு எரிச்சலாக வந்தது. ரோட்டில் ஜீப்பு காத்திருந்தது. இன்னும் ஒரு சோலிதான் பாக்கி. தண்ணீர் ஏறிய உயரம்.

"ஆளுக்கு ஒரு அளவு சொல்றாங்க. நீ மேட்டுல நின்னு பார்த்திருப்பியே. அதையாவது வந்து காட்டு."

மறுக்காமல் பின்னால் வந்தாள். ஆற்றில் கணுக்கால் அளவுதான் தண்ணீர். கரையில் நின்ற பெரிய மருத மரத்துக்கு நேராகப் போனாள். எக்கி, தலைக்கு மேலே இருந்த கவையைத் தொட்டாள்.

"இதுக்கு ஒரு சாண் கீழ வரைக்கும்யா. மொதல்ல இடுப்பளவுதான் இருந்துச்சு. பெறகு ஒரே மூச்சுல ஏறிருச்சு. மரமே கிடுகிடுன்னு நடுங்குச்சு."

யோசேப்பு டேப்பைப் பிடித்து அளந்தார். எழுதிக்கொண்டிருந்த பேனா நின்றது.

"மேட்டுல நின்ன உனக்கு மரம் நடுங்குனது எப்படிம்மா தெரியும்?"

அவள் திடுக்கிட்டுக் கையை எடுத்துக்கொண்டாள்.

"இந்தக் கவையிலதான்யா காலைப் பின்னிக்கிட்டு உக்காந்திருந்தேன். ஒரு கையில அவுக. தண்ணி இழுக்குது. 'ரெண்டையும் பிடிக்க முடியாது, என்னை விட்ருடி'ன்னாக. நான் விடலை. இந்தக் கையில புள்ள நழுவுச்சு..."

உள்ளங்கையை விரித்துப் பார்த்தாள்.

"அவுகளை விட்டுட்டேன்யா."

"புள்ளையா? உங்களுக்குப் புள்ள இல்லைன்னு இதுல எழுதியிருக்கே?"

"இருளம்மா மக. அப்ப மூணு வயசு. என்கிட்ட விட்டுட்டுத்தான் அவ மலைக்குப் போனா. தண்ணி வாரதுக்கு முன்னாடியே புள்ளையோட மேட்டுல ஏறிட்டேன்னு அவகிட்டச் சொல்லி வச்சிருக்கேன்."

யோசேப்பு டேப்பைச் சுருட்டினார்.

"இதை அவகிட்டச் சொல்லியிருந்தா உன்னை இந்தப் பேச்சுப் பேசுவாளாம்மா?"

"பேசிட்டுப் போறா. சொன்னா, பெரியப்பனை முழுங்குனவளுன்னு நாளைக்கு அந்தப் புள்ளையத்தான் ஊரு சொல்லும். கைநாட்டு வச்சா, எப்படிச் செத்தான், யாரு பாத்ததுன்னு எல்லாரையும் கூட்டி வச்சுக் கேப்பீக. அவுக சாவுல பொய் சொல்ல எனக்கு நாக்கு வராதுய்யா."

மேலே மலைப் பாதையில் பேச்சுச் சத்தம் கேட்டது. ஏலக்காய் மூட்டை சுமக்கிறவர்கள் இறங்கி வந்துகொண்டிருந்தார்கள். பாண்டியம்மாள் பேச்சை நிறுத்திவிட்டு அந்தப் பக்கம் திரும்பினாள். ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். கடைசி ஆளும் கடந்து போன பிறகுதான் கண்ணை எடுத்தாள்.

"அவுகளுக்கு நல்லா நீச்சு தெரியும்யா" என்றாள், மெதுவாக.

யோசேப்பு ஒரு பாறைமேல் உட்கார்ந்து பதிவேட்டை விரித்தார். பதினாறு வருச வேலையில் பார்க்காத எதையும் அவர் பார்த்ததாக எழுதியதில்லை.

தண்ணீர் ஏறிய உயரத்துக்கு எதிரே, 'ஆதாரம்: மரத்தில் படிந்த வண்டல்' என்று எழுதினார். 'காணாமற் போனவர்' என்ற இடத்தில் இருந்த பெயரை அடித்துவிட்டு, 'ஒருவரும் இல்லை' என்று போட்டார்.

பிறகு மேட்டு மனைப் பட்டியலைத் திருப்பி, நிறுத்தி நிதானமாக எழுதினார்:

'சோணை. மலைக்கு வேலைக்குப் போயிருக்கிறார். அவர் வரும்வரை மனைவி குடியிருப்பார். ஆள் திரும்பி வந்ததும் கையெழுத்து வாங்கிக்கொள்ளப்படும்.'