இந்தா வந்துட்டேன் மாப்பிள்ளை

கட்டம் போட்ட தாளில் ஒரு கோடு நின்றுகொண்டிருந்தது, இன்னொன்று படுத்துக் கிடந்தது. உச்சியிலிருந்து சறுக்கி வந்த வளைகோட்டார், நின்ற கோட்டை வெட்டிக்கொண்டு போனார்.

படுத்த கோட்டுக்கு ஏக்கம். "மாமா, என்னையும் ஒரு தரம் தொட்டுட்டுப் போங்க!"

"இந்தா வந்துட்டேன் மாப்பிள்ளை!"

கட்டத்துக்குக் கட்டம் மிச்ச தூரத்தில் பாதி இறங்கினார். மீதிப் பாதி மிச்சமிருந்துகொண்டே இருந்தது.

"சும்மாவா உனக்குத் தொலைத்தொடுகோடுன்னு பேரு வச்சாங்க? மாமா தொலைவிலேயே நிப்பாரு!" என்று நின்ற கோடு சிரித்தது.

பென்சிலுக்குப் பொறுக்கவில்லை. தலை ரப்பரால் வளைகோட்டாரை அழித்து, இரண்டு கட்டம் இறக்கி வரைந்தது; அவருக்கு அடியில் ஒரு புள்ளிக்கோடும் போட்டது.

இந்தத் தரம் வளைகோட்டார் படுத்த கோட்டின் முதுகைக் கடந்தே இறங்கினார். "ஆத்தாடி, தொட்டுட்டாரு!" என்று அது சிலிர்த்தது.

கீழே புள்ளிக்கோடு கேட்டது: "மாமா, என்னை?"

"இந்தா வந்துட்டேன் மாப்பிள்ளை!"