லைட்டுக்கு நிற்பவள்

கதாநாயகிகளின் உயரத்துக்குச் சரியாக இருந்ததுதான் ஜெனோவா செய்த தப்பு. கேமரா உதவியாளராகச் சேர்ந்த முதல் நாளே ஒளிப்பதிவாளர் தரையில் டேப்பால் பெருக்கல் குறி ஒட்டி, “லைட்டுக்கு நில்லும்மா, அசையக் கூடாது” என்றார். நடிகை வரும்வரை அவள் முகத்தைப் பார்த்துப் பார்த்து விளக்குகளை ஏற்றி இறக்கினார்கள். நடிகை வந்ததும் ஜெனோவாவை நகரச் சொன்னார்கள். பிறகு அவள் ஃபோகஸ் பிடித்தாள், ஆறு மாதம் எடிட்டிங் அறையில் உட்கார்ந்தாள், இரண்டாவது கேமராவை இயக்கினாள். எந்த வேலையில் இருந்தாலும் ஷாட்டுக்கு முன்னால் ஒரு குரல் வந்துவிடும்: “ஜெனோவா எங்கப்பா? வந்து நிக்கச் சொல்லு.” அவள் முகத்துக்கென்று அமைத்த வெளிச்சம் பதினோரு படங்களில் இருக்கிறது, முகம் ஒன்றில்கூட இல்லை.

பன்னிரண்டாவது படத்துக்கு அவளே ஒளிப்பதிவாளர். முதல் ஷாட். லைட்மேன் முத்துக்கருப்பன் டேப்பை ஒட்டிவிட்டு நிமிர்ந்து, “யாராச்சும் வந்து நில்லுங்கப்பா” என்றார்.

ஜெனோவா போய் நின்றாள்.

நின்ற பிறகுதான் அவளுக்கே உறைத்தது. விளக்குக்கு அப்பால் எல்லாம் ஒரே இருட்டாக இருந்தது. கால்களை எடுக்கப் பார்த்தாள். பதினோரு படங்கள் பழகிய கால்கள் குறியைவிட்டு வரவில்லை.

“லைட் சரியா இருக்கா மேடம்?” என்று இருட்டிலிருந்து முத்துக்கருப்பன் கேட்டார்.

“கேமராவுல பாத்துச் சொல்லச் சொல்லுங்கண்ணே” என்றாள், முகத்தை அசைக்காமல்.

“யாரை மேடம்?”